தொலைக்காட்சிக் கலைஞர் எர்னி கோவாக்ஸ்

சிற்பி கல்லிற் செதுக்கிய உருவம் அவன் மறைந்த பின்னும் நிற்கின்றது. புலவன் இயற்றிய பாட்டு ஏட்டிலும் நாவிலும் வாழ்கின்றது. கூத்தன் கலைக்கோ அப்பேறு இல்லை. விளக்கணைந்து திரை வீழ்ந்தவுடன் அதுவும் மறைந்துவிடுகின்றது. இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் தொலைக்காட்சி என்னும் புதுமை பரவியபோது, இனி நடிகன் கலைக்கு அழிவில்லை என்று எண்ணியவர் பலர். நிகழ்ந்ததோ வேறு. அதன் தொடக்க ஆண்டுகளில் ஒளிபரப்பாகிய நிகழ்ச்சிகளுட் பெரும்பகுதி இன்று உலகில் இல்லை. அவ்வாறு அழிந்தொழிய இருந்த கலையொன்றினைப் படைத்தவரும், தம் நாற்பத்து மூன்றாம் பிறந்தநாளைக் காணுமுன் உயிர் துறந்தவருமாகிய எர்னி கோவாக்ஸ் என்னும் அமெரிக்கரின் வரலாற்றை நாம் ஈண்டுக் கூறப் புகுகின்றோம்.

மக்களை நகைப்பித்த ஒருவரின் சரிதம் கல்லூரி மலருக்கு ஏற்ற பொருளோ என்று ஐயுறும் அன்பர்களும் இருத்தல் கூடும். மெய்ப்பாடுகள் எட்டனுள் நகையை முதற்கண் வைத்தவர் நம் தொல்காப்பியர் என்பதை மட்டும் அவர்க்கு நினைவூட்டி மேற்செல்கின்றோம்.

கோவாக்ஸ் 1919ஆம் ஆண்டு ஜனவரித் திங்கள் 23ஆம் நாள் நியூ ஜெர்ஸி மாகாணத்து டிரென்டன் நகரிற் பிறந்தார். அவர்தம் முன்னோர் ஹங்கேரி நாட்டினர். தந்தையார் காவற்காரராகவும், உணவுவிடுதி நடத்துபவராகவும், அமெரிக்காவில் மதுவிலக்குச் சட்டம் நிலவிய காலத்திற் கள்ளத்தனமாக மது விற்பவராகவும் வாழ்ந்தவர். செல்வம் வந்தபோது குடும்பம் செழித்தது; மதுவிலக்கு 1933இல் நீங்கியதும் அவ்வருவாயும் நீங்கிற்று. பொருள் வரும், போகும், அதனைக் கட்டிவைத்தல் வீண் என்னும் எண்ணம் இளமையிலேயே நம் கலைஞர் நெஞ்சிற் பதிந்துவிட்டது போலும். பின்னாளில் அவர் பணத்தை நடத்திய முறையைக் காணுங்கால் நமக்கு அவ்வாறே தோன்றுகின்றது.

பள்ளிப் படிப்பில் அவர் சிறந்தவரல்லர். ஆயினும் பள்ளி நாடக ஆசிரியர் அவரது ஆற்றலைக் கண்டுகொண்டார். அதன் பயனாக நியூ யார்க் நகரத்து அமெரிக்க நாடகக் கலைக்கழகத்தில் உதவிச் சம்பளம் பெற்றுச் சேர்ந்து பயின்றார். வறுமையும், போதிய உணவின்மையும், ஓயா உழைப்பும் சேர்ந்து அவரை நோய்வாய்ப்படுத்தின. 1939இல் கபவாத சுரமும் நுரையீரற் படல வீக்கமும் கண்டு மருத்துவமனை புகுந்தவர், ஒன்றரை ஆண்டுக்கு மேலாக ஒரு மனையினின்று மற்றொரு மனைக்கு மாற்றப்பட்டுப் படுக்கையிலேயே கிடந்தார். பிழைப்பாரோ என மருத்துவர் ஐயுற்ற நாள்களும் உண்டு.

இந்நோய்க் காலத்தை நாம் சற்று நின்று நோக்கல் வேண்டும். படுக்கையிற் கிடந்தவாறே அவர் உடனிருந்த நோயாளரையும் மருத்துவரையும் செவிலியரையும் வேடிக்கைகளால் மகிழ்வித்து வந்தார். மற்றை நேரமெல்லாம் அவருக்குத் துணையாயிருந்தது ஒரு வானொலிப் பெட்டி. நியூ யார்க் நகரத்து நிலையம் ஒன்று மேலைநாட்டுச் செவ்விசையையே நாள்தோறும் ஒலிபரப்பி வந்தது. கண்ணெதிரே வெறுஞ்சுவர், காதில் இடையறாத இசை. அவ்விசை கேட்டவாறு மனக்கண்ணில் உருவங்களை அமைத்துக்கொள்ளும் பழக்கம் அவருக்கு அங்கே வாய்த்திருத்தல் வேண்டும். இருபது ஆண்டுகள் கழித்து இசைக்கேற்ப உயிரற்ற பொருள்களை ஆடச்செய்து உலகை வியப்பில் ஆழ்த்திய கலைக்கு வித்து இங்கேதான் ஊன்றப்பட்டது என்பது நம் துணிபு.

நோய் நீங்கி வீடு திரும்பியபோது பெற்றோர் பிரிந்திருந்தனர். வாழ வழி தேட வேண்டியதாயிற்று. 1941இல் டிரென்டன் நகரத்து வானொலி நிலையத்தில் அறிவிப்பாளராக அமர்ந்தார். அங்கே அவர் செய்த விந்தைகள் பல. இரயில் மோதவரும்போது மனிதன் உள்ளம் எவ்வாறிருக்கும் என்பதை நேயர்க்கு உணர்த்துவதாகக் கூறி, ஒலிவாங்கியுடன் தண்டவாளத்தின் நடுவே படுத்துக்கொண்டார். வண்டி நெருங்கிய தறுவாயில் எழுந்து ஓடி உயிர் பிழைத்தார். இத்துடன் உள்ளூர்ச் செய்தித்தாள் ஒன்றில் 1945 முதல் 1950 வரை பத்தி எழுதியும் வந்தார். எழுத்தும் பேச்சும் இவ்வாறு நாள்தோறும் பழகிய ஒன்பது ஆண்டுகள் அவருக்கு ஒரு கல்லூரியாயின.

1950ஆம் ஆண்டு ஜனவரியில் பிலடெல்பியா நகரத்துத் தொலைக்காட்சி நிலையத்தில் வேலைக்குத் தேர்வு நடந்தது. அரைக்காற்சட்டையின்மேல் மரப்பீப்பாய் ஒன்றை மாட்டிக்கொண்டு கோவாக்ஸ் அங்கே சென்று நின்றார். வேலை கிடைத்தது. முதலில் அவரிடம் ஒப்படைத்தவை உடையலங்கார நிகழ்ச்சியும் சமையல் நிகழ்ச்சியுமே. சமையல் நிகழ்ச்சிக்கு நகரத்துச் சமையல் வல்லுநர் ஒருவரை நாள்தோறும் அழைப்பர். ஒரு நாள் அழைத்தவர் வரவில்லை. கோவாக்ஸ் சிறிதும் தயங்காமல் முட்டையுணவு ஒன்றைத் தாமே கிண்டி, தம் பெயரின் எழுத்துக்களைத் தலைகீழாகத் திருப்பி அதற்குப் பெயர் சூட்டிவிட்டார்.

அக்காலத்தில் காலை வேளையில் எவரும் தொலைக்காட்சி பாரார் என்பது நிலையத்தார் அனைவரும் ஒப்பிய கொள்கை. அவ்வாண்டு நவம்பரில் பிலடெல்பியா நிலையம் அக்கொள்கையை மீறிக் காலை நிகழ்ச்சி ஒன்றைத் தொடங்கிக் கோவாக்ஸிடம் விட்டது. செய்தியும் வானிலையும் மணியும் இடையிடையே அறிவிக்கப்படும். எஞ்சிய நேரத்தை அவர் விரும்பியவாறு நிரப்பலாம். கொடுத்த பணமோ மிகச் சிறிது. ஆகவே கையிற் கிடைத்த பொருள்களே கருவிகளாயின. மழை பெய்யும் என்று அறிவிப்பாளர் படிக்கும்போது ஏணியின்மேல் ஏறி நின்று அவர் தலையில் நீரைக் கொட்டுவார். அதிகாலையில் விழித்துத் தம்மைக் காண்போர்க்கெனச் சகோதர சங்கம் ஒன்றை வேடிக்கையாக நிறுவி உறுப்பினர் சீட்டும் அனுப்புவார். குரங்கு வேடம் பூண்டு நகரத்து உணவுவிடுதிக்குள் ஓடுவார். நகர மக்கள் விழித்தெழுந்து பார்க்கலாயினர். இந்நிகழ்ச்சியின் வெற்றியைக் கண்டே என்.பி.ஸி. நிறுவனத்தார் நாடு முழுவதற்குமான தம் காலை நிகழ்ச்சியை 1952 ஜனவரியில் தொடங்கத் துணிந்தனர் என்பர். அதனை நடத்தும் வாய்ப்பு அவருக்குக் கிட்டவில்லை.

இவ்விடத்தில் கோவாக்ஸின் தனிச்சிறப்பு யாது என்பதைக் கூறாது மேற்செல்லல் ஆகாது. அந்நாளில் தொலைக்காட்சியில் தோன்றிய நகைச்சுவையாளர் பலரும் நாடக மேடையிலும் இரவு விடுதிகளிலும் வானொலியிலும் பேர்பெற்று வந்தவர்கள். மேடையிற் செய்ததையே காமிராவின் முன்னும் செய்தனர். எதிரே மக்கள் அமர்ந்து சிரிப்பர். அச்சிரிப்பொலியுடன் நிகழ்ச்சி வீடுகளுக்குச் செல்லும். வீட்டிலிருப்பவர் எங்கோ நடக்கும் நாடகத்தைச் சன்னல் வழியே எட்டிப் பார்ப்பவராயினர். கோவாக்ஸ் இதனை ஏற்கவில்லை. தம் கலை நிகழுமிடம் நிலையக் கூடமன்று, வீட்டிலுள்ள கண்ணாடித் திரையே என்று அவர் கொண்டார். கூடத்திற் பார்வையாளரை அமர்த்துவதை அவர் விரும்பாமைக்குக் காரணமும் இதுவே. அவர் காட்டும் விந்தை கூடத்தில் இருப்பவர்க்குப் புலனாகாது; திரையை நோக்குபவர்க்கே புலனாகும்.

எடுத்துக்காட்டு ஒன்று கூறுவோம். உடன் நடிக்கும் பெண் ஒருத்தியின் தலையில் துளையிருப்பது போலவும், அத்துளை வழியே கோவாக்ஸ் எட்டிப் பார்ப்பது போலவும் திரையில் ஒரு காட்சி தோன்றும். அது நிகழ்ந்த வகை இது. அப்பெண்ணின் தலையிற் கரிய துணித்துண்டு ஒன்றை ஒட்டி, கரிய திரையின்முன் நிறுத்தி, ஒரு காமிரா அவளை நோக்கும். மற்றொரு காமிரா வேறோரிடத்தில் நிற்கும் கோவாக்ஸை நோக்கும். இரண்டு உருவங்களையும் மின்னாற்றலால் ஒன்றன்மேல் ஒன்றாகப் படியச்செய்வர். கருமை இருக்குமிடத்தில் மற்றை உருவம் வெளிப்படும். கோவாக்ஸ் தம் எதிரே வைத்த திரையைப் பார்த்தவாறே, தம் கண் சரியாக அக்கரிய இடத்திற் பொருந்துமாறு தலையை நகர்த்திக்கொள்வார். இதனை முன்னரே பதிந்து திருத்தும் வசதி அன்றில்லை. நிகழும்போதே ஒளிபரப்பாகும், தவறினால் தவறியதே. பிலடெல்பியாவில் இருந்த நாள்களிலேயே காலியான உணவுத் தகரக்குவளை ஒன்றையும் கண்ணாடித் துண்டுகளையும் கொண்டு உருவத்தைத் தலைகீழாக்கும் கருவியொன்றைப் பொறியாளர் துணையோடு அமைத்துக்கொண்டார் எனின், அவர்தம் ஊக்கத்தை என்னென்பது!

1951 முதல் பல நிறுவனங்கள் அவரை அழைத்தன. அழைத்த வேகத்தில் விடுத்தன. 1952 முடிவில் ஸி.பி.எஸ். நிறுவனத்தார் அவருக்கு மாலை நேரத்தில் ஒரு மணி நேரம் அளித்தனர். ஆனால் அதே நேரத்தில் மற்றொரு நிறுவனத்தில் தோன்றியவர் அந்நாளில் நாடே கொண்டாடிய மில்டன் பெர்ல். 1953 ஏப்ரலில் கோவாக்ஸின் நிகழ்ச்சி நின்றது. பின்னர் டூமாண்ட் நிறுவனம், பின்னர் மீண்டும் என்.பி.ஸி. என்று அவர் அலைந்தார். காலை, நண்பகல், நள்ளிரவு என எந்நேரம் கொடுத்தாலும் ஏற்றார். பெரிய செல்வாக்குடன் ஓராண்டுக்கு மேல் ஒரே இடத்தில் நிலைத்தது அரிது.

அவர் படைத்த மாந்தருள் இருவகையினரை மட்டும் ஈண்டுச் சுட்டுவோம். ஒருவர் பெர்ஸி டவ்டான்ஸில்ஸ் என்னும் போலிப் புலவர். தடித்த கண்ணாடியில் கண்களை எழுதி ஒட்டிக்கொண்டு, வரிக்குதிரைத் தோல்போன்ற மேலாடை பூண்டு, தம் பொருளற்ற பாட்டுக்களைத் தாமே சுவைத்துச் சுவைத்து வாசிப்பார். இவரைப் போன்றாரை நாமும் கண்டதுண்டு, பெயர் கூறோம். மற்றையது நைரோபி மூவர் என்னும் குழு. நீண்ட மேற்சட்டையும் தொப்பியும் அணிந்த மூன்று வாலில்லாக் குரங்குகள் சாவி கொடுத்த பொம்மைகள் போல இசை வாசிக்கும். நடுவில் நின்று இசையை நடத்துவது பெரும்பாலும் கோவாக்ஸே. தாளம் முடியுமிடத்து மற்றொரு குரங்கு கோலால் அவர் தலையில் அடிக்கும். அடி எப்பொழுது விழும் என்று நடத்துவோர் ஐயத்துடன் திரும்பிப் பார்ப்பதும், பாராதபோது அடி விழுவதுமே அதன் சுவை. ஒரு சொல்லும் இல்லை. முகபாவமும் முகமூடிக்குள் மறைந்துவிட்டது. அவ்வாறாயினும் அதனைக் காண்பவர் சிரியாதிருத்தல் அரிது.

இனி அவர் குடும்ப வாழ்வில் நேர்ந்த துயரைக் கூறுவோம். 1945இல் அவர் செய்துகொண்ட முதல் மணம் முறிந்தது. இரு பெண்மக்களையும் வளர்க்கும் உரிமையை நீதிமன்றம் 1952இல் தந்தைக்கே அளித்தது. அக்காலத்தில் அது மிக அரிதான தீர்ப்பு. சின்னாளில் அம்மக்களைத் தாய் ஒருவருக்கும் தெரியாமல் கொண்டுசென்றுவிட்டார். துப்பறிவோரை அமர்த்தியும் தாமே அலைந்தும் கோவாக்ஸ் தேடினார். 1955இல் புளோரிடா மாகாணத்திற் கண்டு மீட்டார். ஈட்டிய பொருளெல்லாம் அத்தேடலிற் கரைந்தது. நாள்தோறும் காமிராவின்முன் நின்று நாட்டாரைச் சிரிக்கவைத்த அக்காலமெல்லாம் அவருள்ளத்தில் இவ்வேதனை இருந்ததென்பதை அன்று பார்த்தவருள் அறிந்தவர் சிலரே.

பிலடெல்பியா நிகழ்ச்சியிற் பாடவந்தவர் ஈடி ஆடம்ஸ் என்னும் நங்கை. புகழ்பெற்ற ஜூலியார்டு இசைப்பள்ளியிற் பயின்றவர். கோவாக்ஸும் அவரும் 1954 செப்டம்பர் 12ஆம் நாள் மெக்ஸிகோ நகரில் மணந்துகொண்டனர். மணவினையை நடத்திவைத்தவர் நியூ யார்க் நகரத்தின் முன்னாள் மேயர் வில்லியம் ஓட்வையர். நடத்தியதோ ஸ்பானிய மொழியில்! கோவாக்ஸ் வாழ்வில் மணவினையும் ஒரு வேடிக்கையின்றி நடைபெறவில்லை.

கோவாக்ஸின் புகழ் நாடெங்கும் பரவியது 1957 ஜனவரி 19ஆம் நாளில். என்.பி.ஸி. நிறுவனத்தார் அன்றிரவு 90 நிமிட நேரத்தை ஜெர்ரி லூயிஸ் என்னும் பெயர்பெற்ற விகடருக்கு ஒதுக்கினர். அவர் 60 நிமிடமே போதும் என்றார். எஞ்சிய அரைமணியில், அவர்க்குப்பின் தோன்றி ஒப்புநோக்கப்பட எவரும் விரும்பவில்லை. கோவாக்ஸ் ஏற்றார், ஏற்று, முன்னுரையாகச் சில சொற்கள் நீங்கலாக உரையாடலே இல்லாத நிகழ்ச்சி ஒன்றை வண்ணத்தில் அமைத்தார். வானொலியிற் பேசிப் பேசியே பிழைத்தவர் ஊமையாகித் தோன்றிய அரைமணி அது.

அதன் தலைவன் யூஜீன் என்னும் பேதை. அமைதி ஒன்றையே விதியாகக் கொண்ட பெரியோர் சங்கம் ஒன்றினுள் அவன் நுழைகின்றான். அவன் கைபட்ட பொருளெல்லாம் ஒலி எழுப்புகின்றன. நூலொன்றைத் திறக்கின்றான், உள்ளிருந்து இருமல் கேட்கின்றது. அந்நூல் காசநோயால் இறக்கும் பெண்ணொருத்தியின் கதை என்பதை அறிந்தவர் நகைப்பர். பின்னர் மேசைமுன் அமர்ந்து உணவுப் பெட்டியைத் திறக்கின்றான். எடுத்துவைத்த ஆலிவ் காய் உருண்டோடி அடுத்திருப்பவர் மடியில் விழுகின்றது. மற்றொன்றை வைக்கின்றான், அதுவும் ஓடுகின்றது. குடுவையிலிருந்து பாலை வார்த்தால் பால் நேரே விழாது ஒருபுறமாகச் சாய்ந்து, கிண்ணத்துக்கு அப்பால் விழுகின்றது. பார்ப்பவர்க்கு மேசையும் சுவரும் தரையும் நேராகவே தோன்றுகின்றன. உண்மையில் அறை முழுவதையும் ஒருபுறம் சரிவாகக் கட்டி, காமிராவையும் அதே அளவு சாய்த்து வைத்திருந்தனர். இரண்டும் ஒருசேரச் சாய்ந்தமையின் சாய்வு கண்ணுக்குத் தெரியவில்லை. நிலத்தின் ஈர்ப்பு மட்டும் தன் விதி தவறாது ஆலிவ் காயை இழுத்தது. கூடத்தில் நின்று பார்த்தவர்க்கு இதில் வியப்பொன்றுமில்லை. வீட்டிலிருந்து பார்த்தவர்க்கோ உலகமே தன் ஒழுங்கை மறந்தது போலத் தோன்றிற்று. பேதைமையும் நகைக்கு நிலைக்களம் என்று நம் இலக்கணம் கூறும். இங்கே பேதை யூஜீனோ, அன்றி அவனைச் சூழ்ந்த உலகமோ என்று துணிய இயலாமை காண்கின்றோம்.

மறுநாள் ஜெர்ரி லூயிஸைவிடக் கோவாக்ஸையே மக்கள் மிகுதியும் பேசினர். ஹாலிவுட் அவரை அழைத்தது. 1957 முதல் பல திரைப்படங்களில் நடித்தார். கரோல் ரீட் இயக்கத்தில் 1959இல் வெளிவந்த, ஹவானா நகர ஒற்றன் பற்றிய படத்தில் அவர் ஏற்ற காவற்படைத் தலைவன் வேடம் குறிப்பிடத்தக்கது. ஆனால் படமுதலாளிகள் அவரைக் கண்டவுடன் படைத்தலைவர் வேடமே கொடுத்து வந்தனர். இனித் தமக்கு அவ்வேடம் வேண்டா என்று அவர் திரைத்தொழிற் பத்திரிகையில் விளம்பரமே செய்துவிட்டார். திரைப்படங்களில் அவர் பிறர் எழுதியதை நடித்தவரே. நன்றாக நடித்தார் என்பதன்றி அவற்றைப்பற்றி நாம் அதிகம் கூற விரும்பவில்லை.

அவர் குறைகளை மறைத்தல் வரலாறு எழுதுவோர்க்கு அழகன்று. உறக்கம் அவருக்குச் சில மணி நேரமே. சுருட்டு ஒன்று அணையுமுன் மற்றொன்று பற்றும். இரவெல்லாம் சீட்டாடிப் பெருந்தொகைகளை இழப்பார். அரசாங்கத்துக்குச் செலுத்தவேண்டிய வருமான வரியை முறையற்றது என்று கருதிச் செலுத்தாமலே விட்டார். அது வட்டியும் தண்டமுமாகிப் பல நூறாயிரம் டாலராய் வளர்ந்தது. வரம்பு என்பதே தமக்கு வேண்டா என்று வாழ்ந்தவர் அவர். அவ்வாழ்வின் பாரம் பின்னர் யார் தலையில் விழுந்தது என்பதைக் காணும்போது, கலைஞரென்பதற்காக அவரை முற்றும் மன்னிக்க நம் மனம் ஒருப்படவில்லை.

1961இல் ஏ.பி.ஸி. நிறுவனத்தில் திங்கள்தோறும் அரைமணி நேரம் அவருக்குக் கிட்டியது. அதற்குப் பொருள் கொடுத்தது ஒரு சுருட்டுக் கம்பெனி. காந்த நாடாவிற் காட்சியைப் பதிந்து வெட்டி ஒட்டும் முறை 1956க்குப் பின்னரே வந்தது. கோவாக்ஸ் அதனை விடாது பற்றிக்கொண்டார். இந்நிகழ்ச்சிகளே அவர்தம் கலையின் முடி. அலுவலகம் ஒன்றில் ஆளில்லை. தட்டெழுத்துப் பொறியும் இழுப்பறைகளும் தொலைபேசியும் தாமே இசைக்கேற்ப அசைகின்றன. சைகோவ்ஸ்கி இயற்றிய போர்வெற்றி இசையின் உச்சத்தில், செலரிக் கீரைத்தண்டு ஒடியும் ஒலி பீரங்கி முழக்கத்தின் இடையே புகுகின்றது. தம் முன்னோர் நாட்டினராகிய பார்டோக்கின் இசைக்கு நகரத் தெருவொன்றின் ஒருநாள் வாழ்வைச் சொல்லின்றியே காட்டினார். நீருக்கடியில் அமர்ந்து நாளிதழ் படித்தவாறு சுருட்டின் புகையை வெளியிடுவார்; அது புகையன்று, மூழ்குமுன் வாயில் அடக்கிய பால். பழைய மோட்டார் விற்பவன் வண்டியின் உறுதியைப் புகழ்ந்து அதன்மேல் தட்டுகின்றான். தரை பிளந்து வண்டி மறைகின்றது. சில நொடிகளில் முடியும் இவ்வேடிக்கைக்கு 12,000 டாலர் செலவாயிற்று என்பர். மரப்பீப்பாயுடன் தொடங்கியவர் கைக்கு ஒருகால் மிகையான பொருள் வந்துவிட்டதோ என நாம் எண்ணுவதுண்டு. தகரக்குவளையிற் செய்த விந்தைக்கும் இதற்கும் அறிவின் அளவில் வேறுபாடில்லை.

1962 ஜனவரி 13ஆம் நாள் பின்னிரவு. லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் மழை பெய்திருந்தது. திரைப்பட இயக்குநர் பில்லி வைல்டர் இல்லத்தில் விருந்து முடிந்து கோவாக்ஸும் ஈடியும் வெவ்வேறு வண்டிகளிற் புறப்பட்டனர். அவ்விருந்து ஒன்பது ஆண்டுகளுக்கு முன் அவர்க்கு எதிராக நின்று வென்ற மில்டன் பெர்ல் குழந்தையொன்றைத் தத்தெடுத்ததைக் கொண்டாடியது. சாலை முனையில் திரும்புங்கால் கோவாக்ஸின் வண்டி சறுக்கிக் கம்பத்தில் மோதிற்று. அங்கேயே உயிர் பிரிந்தது. நீட்டிய கையின் அருகே பற்றவைக்காத சுருட்டொன்று கிடந்தது. முன்னரே பதிந்து முடித்திருந்த இறுதி நிகழ்ச்சி ஜனவரி 23ஆம் நாள், அவர் பிறந்தநாளன்று, ஒளிபரப்பாயிற்று. அவ்வாண்டே மின்காமிராக் கலையின் சிறப்புக்காக அவர்தம் நிகழ்ச்சிக்கு எம்மி விருது அளிக்கப்பட்டது.

பொதுவாக வரலாறுகள் இங்கே முடியும். கோவாக்ஸின் வரலாறு இங்கே முடியவில்லை.

ஈடி ஆடம்ஸுக்கு அப்போது வயது 34. கையிலிருந்தது மூன்று வயதும் நிரம்பாத தம் மகள் மியா, கணவரின் மூத்த மக்கள் இருவர், பல நூறாயிரம் டாலர்க் கடன். நண்பர்களாகிய பெருநடிகர்கள் கூடி நிதி திரட்டும் நிகழ்ச்சியொன்று நடத்தித் தருவதாகக் கூறினர். தம் மக்களைத் தாமே காத்துக்கொள்ள இயலும் என்று அம்மையார் மறுத்துவிட்டார். பாடினார், நடித்தார், சுருட்டு விளம்பரத்தில் தோன்றினார். கடன் முழுவதையும் அடைத்தார். மூத்த மக்களைப் பெற்ற தாய் மீண்டும் வழக்குத் தொடுத்தபோது எதிர்த்து நின்று வென்று, இருவரையும் தாமே வளர்த்தார்.

இதற்கிடையே அவர் காதுக்கு மற்றொரு செய்தி எட்டிற்று. காந்த நாடாவின் விலை அந்நாளில் மிக அதிகம். ஆகவே ஒருமுறை ஒளிபரப்பிய நாடாவைத் துடைத்து அதன்மேல் வேறொன்றைப் பதிவது நிறுவனங்களின் வழக்கம். கோவாக்ஸின் வாழ்நாட் பணி முழுவதும், நாளைய வானிலை அறிவிப்புக்கோ விளையாட்டுப் போட்டிக்கோ இடந்தருமாறு அழிக்கப்பட்டுக்கொண்டிருந்தது. அம்மையார் கடனில் மூழ்கிய நிலையிலும் கைப்பொருள் கொடுத்து எஞ்சிய நாடாக்களையும் படச்சுருள்களையும் உரிமையோடு வாங்கிச் சேமிக்கலானார். மூல ஏடுகள் செல்லரித்துப் போனபின் பெயர்களை மட்டும் எண்ணிக்கொண்டிருக்கும் இலக்கியத்தைப் பயில்கின்ற நமக்கு, அவர் செய்தது எத்தகைய தொண்டென்பதைப் பிறர் எடுத்துரைக்க வேண்டுவதில்லை.

அவரால் எட்ட இயலாதனவும் இருந்தன. டூமாண்ட் நிறுவனம் 1956இல் மறைந்துவிட்டது. அதன் பழைய படச்சுருள்கள் 1970களின் தொடக்கத்தில் வண்டிகளில் ஏற்றப்பட்டு நியூ யார்க் விரிகுடா நீரிற் கொட்டப்பட்டன என்று 1996இல் தொலைக்காட்சிப் பழம்பதிவுகளைக் காப்பது பற்றி நடந்த விசாரணையில் அம்மையார் சாட்சியம் கூறினார். கோவாக்ஸ் 1954, 1955 ஆண்டுகளில் நடத்திய நிகழ்ச்சிகளும் அந்நிறுவனத்தனவே.

காத்து வைத்தவற்றிலிருந்து தொகுத்த நிகழ்ச்சி வரிசை ஒன்று 1977இல் அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் வெளிவந்தது. கோவாக்ஸ் இறந்தபோது மழலையராயிருந்த இளைஞர் அப்பொழுதே அவரை முதன்முறை கண்டனர். அதற்குள் அவர் வழியிற் பலர் நடந்திருந்தனர். 1968இல் தொடங்கி அமெரிக்கா முழுவதையும் ஆட்கொண்ட விரைவு நகைச்சுவைத் தொடரை அமைத்தவர் ஜார்ஜ் ஷ்லாட்டர். அவர் மனைவி ஜோலீன் பிராண்ட் கோவாக்ஸின் குழுவில் நடித்தவர். துண்டு துண்டாக வெட்டிய காட்சி, நொடியில் முடியும் வேடிக்கை, தொலைக்காட்சியே தன்னைத் தான் எள்ளுதல் ஆகிய எல்லாம் அங்கிருந்து வந்தவையே.

அம்மையாரின் துயரமும் அத்துடன் தீரவில்லை. மகள் மியா 1982இல் தந்தையைப் போலவே மோட்டார் விபத்தில் மாண்டார். அதன் பின்னரும் அம்மையார் கால் நூற்றாண்டுக்கு மேல் வாழ்ந்து, நாடாக்களைத் தேடுவதையும் பழுது பார்ப்பதையும் கைவிடாது செய்து, 2008 அக்டோபர் 15ஆம் நாள் மறைந்தார். அவர் சேமித்த தொகுப்பு 2015இல் அமெரிக்கப் பாராளுமன்ற நூலகத்தை அடைந்தது. யூஜீன் தன் ஆலிவ் காய்களை எடுத்துவைப்பதை இப்பொழுதும் காணலாம். பிலடெல்பியா நகர மக்களை அதிகாலையில் எழுப்பிய அம்முதல் நிகழ்ச்சியிற் சிறு பகுதியே எஞ்சியுள்ளது.